நான் வேண்டுமென்றே விட்ட டியூப் லைட்

இரண்டு வருடங்களுக்கு முன்பு, மே மாதத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை. கடற்கரைப் பக்கம் மீன்பிடித் தடைக்காலம் நடந்துகொண்டிருந்தது. கீரனூரிலிருந்து திருச்சிக்கு நான் தினமும் வேலைக்குப் போகும் காலை பஸ்ஸில் அன்று அதிசயமாக ஜன்னலோரம் இடம் கிடைத்தது. உட்கார்ந்து போனை எடுத்தேன். அதில் வந்திருந்த ஒரு சின்னப் புகார் என்னைத் திருச்சிக்குப் போகவிடாமல், நேர் எதிர்த்திசையில் கடற்கரை வரைக்கும் ஓட வைத்தது.

அதைச் சொல்வதற்கு முன் என் கிறுக்குத்தனத்தைச் சொல்லிவிட வேண்டும். நான் கல்லூரியில் படித்த காலத்தில் புதுக்கோட்டை பிரவுசிங் சென்டர் ஒன்றில் தோழிகளோடு விளையாடிய பேய் விளையாட்டு ஒன்று உண்டு. மலை மேல் பூட்டிக் கிடக்கும் ஒரு ஆஸ்பத்திரி. காணாமல்போன நோயாளியைத் தேடி ஒரு நர்ஸ் டார்ச் லைட்டோடு தனியாக உள்ளே போவாள். அவ்வளவுதான் கதை. பெரிதாக விற்காத விளையாட்டு. அதைச் செய்த கம்பெனியே எப்போதோ காணாமல் போய்விட்டது. ஆனால் அதன் மேல் பைத்தியமானவர்கள் உலகம் முழுக்க ஒரு சிறு கூட்டமாக இருக்கிறோம்.

இன்றைய கணினியில் அது ஒழுங்காக ஓடாது. ஓடினாலும் படமெல்லாம் கட்டம் கட்டமாகத் தெரியும். அதனால் நாங்களே அதைப் பிரித்துப் போட்டு, படத்தைத் தெளிவாக்கி, ஒலியை மாற்றி, புதுத் திரைகளுக்கு ஏற்றபடி திருத்துகிறோம். ரசிகர்கள் செய்யும் இந்தத் திருத்தத்துக்கு ‘மாட்’ என்று பெயர். எங்கள் குழுவில் ஒருத்தர் பிரேசில், ஒருத்தர் போலந்து, நான் கீரனூர். யாருக்கும் சம்பளம் கிடையாது. யாரும் யாருடைய நிஜப் பெயரையும் கேட்பதில்லை. ஆளுக்கொரு புனைபெயர்தான். அந்தப் புனைபெயரை வைத்து ஆணா பெண்ணா என்றுகூடக் கண்டுபிடிக்க முடியாது. எனக்கு அது வசதியாகவே இருந்தது.

கணவர் வளைகுடாவில் இருக்கிறார். வீட்டில் நானும் மாமியாரும்தான். அவர் சீரியல் பார்க்கும் நேரத்தில் நான் பக்கத்து அறையில் பேய்க்கு மேக்கப் போட்டுக்கொண்டிருப்பேன். “ஊர்ல உள்ளவுக எல்லாம் பேயை வெரட்டக் கோயில் கோயிலாப் போறாக. நீ என்னடான்னா அதுக்குப் புதுச் சட்டை தச்சுப் போட்டுக்கிட்டு இருக்கே” என்பார். அவர் சொன்னதில் தப்பே இல்லை.

குழுவில் என் பொறுப்பு விளக்குகள். விளையாட்டில் எங்கே வெளிச்சம், எங்கே இருட்டு, எந்த பல்பு மினுக்க வேண்டும் என்பதெல்லாம் நான் பார்ப்பது. அதில் எனக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு. கொஞ்சம் என்ன, நிறையவே உண்டு.

எங்கள் இணையப் பக்கத்தைத் தவறாமல் படிக்கும் ஒருவர் இருந்தார். நான் ஒருமுறை குழுவில் தமிழில் ‘அங்கிட்டு இங்கிட்டு அலைஞ்சு’ என்று எழுதிவிட்டேன். உடனே தனியாக ஒரு செய்தி வந்தது, ‘நம்ம ஜில்லாவா சார்?’ என்று. மணமேல்குடிப் பக்கம் ஒரு ஐஸ் கம்பெனியில் வாசல் கேட்டில் உட்கார்ந்து டோக்கன் எழுதுகிறவராம். அதற்குப் பிறகு மூன்று வருடமாக எங்களுக்குள் பேச்சு உண்டு. எல்லாம் விளையாட்டைப் பற்றித்தான். பேரைக் கேட்டதில்லை, போன் நம்பரும் வாங்கவில்லை. என்னை அவர் ‘சார்’ என்றே கூப்பிட்டார். நானும் திருத்தவில்லை.

அந்த வருடம் பிப்ரவரியில் அவர் ஒரு கேள்வி கேட்டார். ‘சார், எனக்கு வலிப்பு வரும். மின்னுற வெளிச்சம் ஆகாது. புது விளையாட்டு எதையும் தொடுறதில்லை. இந்தப் பழைய விளையாட்டு மட்டும்தான் ஒண்ணும் செய்யாது. நீங்க புதுசாக்குறதுல அந்த ஆஸ்பத்திரி வராண்டாவுல மினுக்குற டியூப் லைட்டு மாறுமா?’ நான் அப்போது ஏதோ வேலையில் இருந்தேன். ‘விளக்கு பழைய மாதிரியேதான் இருக்கும். தைரியமா விளையாடுங்க’ என்று பதில் போட்டுவிட்டு மறந்துபோனேன். அன்றைக்கு அது பொய்யில்லை.

மார்ச் மாதம்தான் வினை வந்தது. இதை மட்டும் கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள். திரையில் நாம் பார்ப்பது வேகமாக மாறும் படங்கள்தான். பழைய விளையாட்டு நொடிக்கு முப்பது படம் காட்டும். புதுத் திரைகள் அதைப்போல் நாலு மடங்கு, ஐந்து மடங்குகூடக் காட்டும். போலந்துக்காரர் ராத்திரி பகலாக உட்கார்ந்து, எங்கள் விளையாட்டும் திரைக்குத் தக்க வேகத்தில் ஓடும்படி செய்துவிட்டார். ஆனால் பழைய விளையாட்டில் எல்லாமே படத்தை எண்ணித்தான் நடக்கும். டியூப் லைட் ஐந்து படத்துக்கு எரியும், ஐந்து படத்துக்கு அணையும். படங்கள் வேகமாக ஓடினால் விளக்கும் அதே கணக்கில் வேகமாக அடிக்கும். நர்ஸின் நடை, கதவு, பேய் எல்லாம் தறிகெட்டு ஓடியதைப் பார்த்து ஒவ்வொன்றாகச் சரிசெய்தோம். வராண்டா டியூப் லைட் என் பங்கு.

அதை நான் கவனிக்காமல் விட்டேன் என்று சொன்னால் பொய். பார்த்தேன். என் கணினி சுமாரானது, அதில் விளக்கு முன்பைவிட இரண்டு மடங்கு வேகமாக அடித்தது. பார்க்கப் படபடவென்று வந்தது. அட, இதுவல்லவா பயம் என்று தோன்றியது. இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன். குழுவில் எல்லோரும் பிரமாதம் என்றார்கள். மணமேல்குடிக்காரருக்குக் கொடுத்த வாக்கு அந்த நேரம் நினைவுக்கே வரவில்லை. மே மாதம், அந்தச் செவ்வாய்க்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை புது வடிவத்தை வெளியிட்டோம்.

செவ்வாய் காலை பஸ்ஸில் நான் பார்த்த புகார் இதுதான். யாரோ ஒரு வெளிநாட்டுக்காரர் எழுதியிருந்தார். புதிய திரையில் விளையாடியபோது அந்த நீண்ட வராண்டாவில் விளக்கு அடிப்பதைப் பார்க்கவே முடியவில்லை, தலை சுற்றிக் கண்ணை மூடிக்கொள்ள வேண்டியிருந்தது, வேண்டுமென்றே இப்படிச் செய்தீர்களா என்று கேட்டிருந்தார். எனக்குப் பெருமை தாங்கவில்லை. ‘ஆமாம், வேண்டுமென்றேதான்’ என்று தட்டி, பக்கத்தில் ஒரு சிரிப்புப் பொம்மையும் போட்டேன். அனுப்பப் போகும்போது இன்னொரு செய்தி கண்ணில் பட்டது.

மணமேல்குடிக்காரர். காலை ஆறரைக்கு அனுப்பியிருந்தார். கூடவே ஒரு புகைப்படம், மேசை மேல் பளபளவென்று ஒரு புதிய திரை. ‘சார், உங்க வேலைக்காகவே நல்ல ஸ்கிரீன் வாங்கிட்டேன். தடைக்காலம், கம்பெனி மூடியிருக்கு. வீட்டுக்காரம்மா ஒம்போது மணி பஸ்ஸுக்குக் கிளம்புனதும் ஜன்னலைச் சாத்திட்டு, போனை ஆஃப் பண்ணிட்டு, ஆரம்பிக்கப் போறேன்.’

சிரிப்புப் பொம்மை அப்படியே திரையில் நின்றது.

என் வேலை என்ன என்று நான் இன்னும் சொல்லவில்லை. திருச்சியில் ஒரு நரம்பியல் பரிசோதனை மையத்தில் ரிப்போர்ட் டைப் செய்கிறேன். தலையில் ஒயர் ஒட்டி மூளையின் அலைகளைப் பதிவு செய்வார்கள் இல்லையா, அந்த ரிப்போர்ட்டுகளும் அதில் உண்டு. அந்தப் பரிசோதனையில் நோயாளியின் முகத்துக்கு நேரே ஒரு விளக்கை மெதுவாக மினுக்கி, வேகத்தைக் கூட்டிக்கொண்டே போவார்கள். சிலருக்கு ஒரு குறிப்பிட்ட வேகம் வந்ததும் மூளை அலை தாறுமாறாகும். பக்கத்திலேயே நர்ஸ் தயாராக நிற்பார். ‘ஒளியை மினுக்கியபோது’ என்று ஆரம்பிக்கும் அந்த வரியை வாரத்துக்கு நாலு பேருக்காவது நான் டைப் செய்கிறேன். என் கைவிரல்களுக்குத் தெரிந்த விஷயம் என் மண்டைக்கு ஏறவில்லை.

அவருடைய புதிய திரையில் அந்த டியூப் லைட் எத்தனை வேகத்தில் அடிக்கும் என்று கணக்குப் போட்டேன். எந்த வேகத்தில் எங்கள் மையத்து நர்ஸ் உஷாராகி ஒரு அடி முன்னால் வருவாரோ, சரியாக அந்த வேகம். இங்கே அவருக்குப் பக்கத்தில் யாரும் நிற்கப் போவதில்லை.

கூப்பிட நம்பர் இல்லை. ‘விளையாடாதீர்கள், தயவுசெய்து விளையாடாதீர்கள்’ என்று நாலைந்து செய்தி அனுப்பினேன். ஒன்றையும் அவர் பார்த்ததாக அடையாளம் வரவில்லை. மணி எட்டேகால். அவர் மனைவி கிளம்ப இன்னும் முக்கால் மணி நேரம் இருக்கிறது, அதற்குள் போனைப் பார்ப்பார் என்று ஒரு மனம் சொன்னது. பார்க்காவிட்டால் என்று இன்னொரு மனம் கேட்டது. மாத்தூரில் பஸ் நின்றது. இறங்கிவிட்டேன்.

ரோட்டைத் தாண்டி எதிர்ப்பக்கம் புதுக்கோட்டை பஸ்ஸுக்காக நிற்கும்போதே, எங்கள் பக்கத்திலிருந்து விளையாட்டை யாரும் இறக்க முடியாதபடி மூடினேன். எச்சரிக்கையும் எழுதிப் போட்டேன். ஏற்கெனவே இறக்கியவர்களிடமிருந்து அதைப் பிடுங்க வழியில்லை. மாமியாருக்கு உடம்பு சரியில்லை என்று வேலை இடத்தில் பொய் சொன்னேன். நூற்றி எட்டுக்குக்கூடப் போட்டேன். பேர் என்ன, எந்தத் தெரு என்று அங்கே போனை எடுத்த பெண் பொறுமையாகத்தான் கேட்டார். என்னிடம் இருந்தது ஒரு புனைபெயர். “மன்னிச்சுக்கங்க” என்று வைத்துவிட்டேன்.

மணமேல்குடி ஐஸ் கம்பெனி நம்பர் என்று இணையத்தில் தேடியதில் இரண்டு கிடைத்தன. தடைக்காலத்தில் ஐஸ் கம்பெனியில் யார் போனை எடுப்பார்கள்? மணி அடித்து அடித்து ஓய்ந்தது.

புதுக்கோட்டை பஸ் ஸ்டாண்டில் நான் இறங்கியபோது ஒன்பது பத்து. இந்நேரம் மனைவி கிளம்பியிருப்பார். அறந்தாங்கி வழி மணமேல்குடி போகும் பஸ் ஒன்று நின்றுகொண்டிருந்தது. ஏறி உட்கார்ந்து மறுபடி கணக்குப் போட்டேன். விளையாட்டை ஆரம்பித்து அந்த வராண்டாவுக்குப் போய்ச் சேர, புதிதாக விளையாடுகிறவருக்கு ஒன்றரை மணி நேரம் ஆகும். இவர் மூலை முடுக்கெல்லாம் மனப்பாடமாகத் தெரிந்தவர். ஒரு மணி நேரம். அப்படியென்றால் பத்தேகாலுக்கு அங்கே நிற்பார். இந்த பஸ் மணமேல்குடி போக பதினொன்றரைக்கு மேல் ஆகும். போய்ப் பிரயோஜனமில்லை என்று கணக்கு சொல்கிறது. ஆனாலும் போகாமல் எப்படி இருப்பது? டிரைவரிடம் போய் எப்போது எடுப்பீர்கள் என்று கேட்டேன். இரண்டு நிமிடம் கழித்து மறுபடி கேட்டேன். மூன்றாவது தடவை அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார்.

பஸ் கிளம்பியபோது என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தவர் ஒரு மீன் விற்கும் அம்மா. ஐம்பது வயது இருக்கும். காலிக் கூடைகளைப் பின்னால் போட்டுவிட்டு வந்திருந்தார். தடைக்காலத்தில் கிடைத்த கொஞ்சம் நண்டு விடியற்காலையிலேயே விற்றுப்போனதாம், கண்டக்டரிடம் சொல்லிக்கொண்டிருந்தார். எனக்கு எதுவும் காதில் ஏறவில்லை. போனைப் பார்ப்பதும் மணியைப் பார்ப்பதுமாக இருந்தேன்.

“ஏத்தா, வீட்டுல யாருக்கும் ஒடம்பு சொகமில்லையா? போனையும் மணியையும் இப்புடி மாத்தி மாத்திப் பாக்குறே?” என்று கேட்டார்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. மீன் விற்கிறவர். ஐஸ் இல்லாமல் மீன் வியாபாரம் ஏது? “அம்மா, நீங்க மணமேல்குடியா? அங்கிட்டு ஒரு ஐஸ் கம்பெனியில கேட்டுல டோக்கன் எழுதுறவரைத் தெரியுமா?” என்றேன்.

அவர் முகம் மாறியது. என்னைத் தலையிலிருந்து கால் வரை பார்த்தார். தாலியில் ஒரு நொடி கண் நின்றது. “தெரியும். அந்தத் தம்பிக்குக் கல்யாணம் ஆயிருச்சு தாயி” என்றார் நிதானமாக.

எனக்கு வந்ததே கோபம். “எனக்குந்தாம்மா ஆயிருச்சு!” என்று கத்திவிட்டேன். முன் சீட்டில் இருந்தவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். கண்டக்டர் டிக்கெட் கிழிப்பதை நிறுத்திவிட்டார். வெட்கப்பட எனக்கு நேரமில்லை. பேய், மாட், படங்களின் வேகம் எல்லாவற்றையும் மூட்டை கட்டி வைத்துவிட்டு, சொல்ல வேண்டியதை மட்டும் சொன்னேன். “அவருக்கு வலிப்பு வரும். கம்ப்யூட்டர்ல லைட்டு வெட்டி வெட்டி அடிக்கிற மாதிரி ஒண்ணு நான் செஞ்சிருக்கேன். ஒண்ணும் செய்யாதுன்னு சொல்லிட்டேன். இப்ப அவரு வீட்டைச் சாத்திக்கிட்டுத் தனியா உக்காந்து அதைப் பாத்துக்கிட்டு இருக்காரு. போன் இல்ல.”

வெற்றிலை மென்றுகொண்டிருந்த அவர் வாய் நின்றது. “வெல்டிங் வைக்கிற வெளிச்சம் மாதிரியா?”

“ஆமாம்மா.”

“அடி ஆத்தி! போன வருசத்துக்கு முந்துன வருசம் மீன்புடி போட்டுக்கு வெல்டிங் வச்சப்ப அதைப் பாத்துட்டுத்தானே அந்தத் தம்பி விழுந்துச்சு. நாந்தானே தூக்குனேன்” என்றபடியே இடுப்பிலிருந்து ஒரு பட்டன் போனை எடுத்தார். அவருடைய நாத்தனார் வீடு அந்தத் தம்பியின் தெருவில், நாலு வீடு தள்ளியாம்.

முதல் தடவை எடுக்கவில்லை. இரண்டாவது தடவையும் எடுக்கவில்லை. மணி ஒன்பது ஐம்பத்தைந்து. மூன்றாவது தடவை எடுத்தார்கள். போனின் சத்தம் எங்கள் சீட்டைச் சுற்றி எல்லோருக்கும் கேட்டது. மீன்காரம்மா ஒரு வார்த்தை கூடுதலாகப் பேசவில்லை. “ஏ புள்ள, கைவேலையை அப்புடியே போட்டுட்டு ஐஸ் கம்பெனித் தம்பி வீட்டுக்கு ஓடு. கதவைத் தட்டு. போனை வைக்காத.”

அந்தப் பெண் ஓடும் மூச்சு கேட்டது. கதவைத் தட்டும் சத்தம் கேட்டது. மறுபடி தட்டினார். பேர் சொல்லிக் கூப்பிட்டார். பதில் இல்லை. காதில் ஹெட்போன் மாட்டித்தான் அதை விளையாட வேண்டும் என்று எங்கள் பக்கத்தில் பெரிய எழுத்தில் போட்டு வைத்தவளும் நான்தான்.

“உள்தாப்பா போட்டிருக்கு அண்ணி. ஜன்னலும் சாத்தியிருக்கு” என்றார் அந்தப் பெண். ஒரு நொடி கழித்து, “இடுக்கு வழியா வெளிச்சம் மட்டும் பளிச்சு பளிச்சுன்னு அடிக்குது” என்றார்.

என் கணக்கு தப்பு. மணி இன்னும் பத்தேகால்கூட ஆகவில்லை. அவர் அந்த வராண்டாவுக்கு வந்துவிட்டார். அந்த வராண்டா நீளமானது. அதை இன்னும் நீளமாக்கியதும் நாங்கள்தான்.

“கதவை உடைக்கச் சொல்லுங்கம்மா” என்றேன். கண்டக்டர் பக்கத்தில் வந்து நின்றுவிட்டார். “ஆம்பளை ஆளு யாரும் இருக்காகளான்னு கேளுங்க” என்றார். தெருவில் யாரும் இல்லை என்றது போன்.

மீன்காரம்மா ஒரு கணம் கண்ணை மூடித் திறந்தார். “ஏ புள்ள, மீட்டர் பொட்டி வெளிச் சுவத்துலதானே இருக்கு? பீஸ் கட்டையைப் புடுங்கி விடு.”

இந்த யோசனை எனக்கு வரவில்லை. விளக்கு என் பொறுப்பு என்று மார்தட்டிக்கொண்டவளுக்கு, கரண்ட்டை நிறுத்தினால் விளக்கு அணையும் என்பது தோன்றவில்லை. அவரிடம் இருந்தது பெரிய கணினி, பேட்டரி கிடையாது. கரண்ட் போனால் எல்லாம் அணையும்.

“ஐயோ அண்ணி, கரண்ட்டு. எனக்குப் பயமா இருக்கு.”

“காலுல செருப்பு இருக்கா? கை ஈரமில்லாமத் தொடைச்சுக்க. கம்பிப் பக்கம் போகாத. வெள்ளைக் கட்டை இருக்கும்ல, அதைப் புடிச்சு ஒரே இழுப்பா இழு.”

ஏதோ ஒரு நிறுத்தத்தில் பஸ் நின்றது. இரண்டு பேர் ஏறினார்கள். கண்டக்டர் விசில் ஊதவில்லை. டிரைவரும் வண்டியை எடுக்காமல் திரும்பிப் பார்த்தார். போனில் ஒரு தகரக் கதவு கிறீச்சிடும் சத்தம். பிறகு டக்கென்று ஒரு சத்தம்.

“எடுத்துட்டேன். வெளிச்சம் நின்னுருச்சு.”

“கதவைத் தட்டு.”

தட்டினார். ஒன்றுமில்லை. கரண்ட் போனால் யாராக இருந்தாலும் எழுந்து வருவார்கள் இல்லையா? அவர் வரவில்லை. மறுபடி தட்டினார். கீழே விழுந்து கிடக்கிறாரோ, ஹெட்போன் ஒயர் கழுத்தில் சுற்றியிருக்குமோ, நாற்காலியோடு சாய்ந்திருப்பாரோ என்று என் மண்டைக்குள் படம் ஓடியது. பேய்ப் படம் ஓட்டிப் பழகிய மண்டை இல்லையா, ஒன்றைவிட ஒன்று கோரமாகக் காட்டியது. மீன்காரம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். நண்டுக் கவுச்சி வீசும் அந்தக் கையை நானும் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். எவ்வளவு நேரம் போனது என்று தெரியாது. ஒன்றிரண்டு நிமிடம்தான் இருக்கும்.

“தாப்பா சத்தம் கேக்குது அண்ணி” என்றது போன். “கதவு தொறக்குது. வந்துட்டாக. வாசப்படியில உக்காந்துட்டாக. கை மட்டும் வெடுக்கு வெடுக்குன்னு இழுக்குது. கண்ணு முன்னாடி இன்னும் வெளிச்சம் தெரியுதாம்.”

“விழல்லியே?”

“விழல்ல.”

நான் பஸ் என்றும் பார்க்காமல் வாய்விட்டு அழுதேன். யாரோ பின்சீட்டிலிருந்து தண்ணீர் பாட்டிலை நீட்டினார்கள். கண்டக்டர் விசிலை ஊதினார்.

அறந்தாங்கி வந்ததும் மீன்காரம்மா சொன்னார். “இனிமே நீ வரணும்னு இல்ல தாயி. அதான் நல்லபடியா ஆயிருச்சுல்ல. எறங்கி ஊரு போய்ச் சேரு.” உண்மையைச் சொல்கிறேன், இறங்கிவிடத்தான் தோன்றியது. வீட்டுக்குப் போய்ப் புனைபெயரில் நாலு வரி மன்னிப்பு எழுதினால் போதும். என் முகம் அவருக்குத் தெரியாது. பையைக்கூடத் தோளில் மாட்டிவிட்டேன். பிறகு மறுபடி உட்கார்ந்தேன்.

மணமேல்குடியில் அந்த வீட்டு வாசலுக்கு மீன்காரம்மாவே கூட்டிப்போனார். முப்பது வயதுக்குள் இருக்கும் ஒரு மனிதர், கயிற்றுக் கட்டிலில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். முகம் வெளிறியிருந்தது. பக்கத்தில் அவர் மனைவி. மீமிசலில் ஒரு மருந்துக் கடையில் வேலை செய்கிறவராம், செய்தி கேட்டு அடுத்த பஸ்ஸிலேயே திரும்பியிருந்தார். நான் என் புனைபெயரைச் சொன்னேன். அந்த மனிதர் என்னையும் மீன்காரம்மாவையும் மாறி மாறிப் பார்த்தார்.

“நீங்கதானா சார்?” என்றார்.

அந்த நிலைமையிலும் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவரும் சிரித்தார். அவர் மனைவி சிரிக்கவில்லை.

என்ன நடந்தது என்று ஒன்றையும் மறைக்காமல் சொன்னேன். விளக்கு வேகமானதைப் பார்த்தும், நன்றாகப் பயமுறுத்துகிறது என்று விட்டுவைத்ததையும் சொன்னேன். அதைச் சொல்லும்போது நிமிர்ந்து பார்க்க முடியவில்லை. அவர், “பரவாயில்லங்க, வராண்டா பாதியிலயே கை இழுக்க ஆரம்பிச்சுச்சு. பயத்துல நடுங்குதுன்னு நெனைச்சுக்கிட்டேன். அவ்வளவு நல்லா செஞ்சிருந்தீங்க” என்றார். பாராட்டாகத்தான் சொன்னார். என்னைச் செருப்பால் அடித்திருந்தால்கூட அப்படி வலித்திருக்காது.

இரண்டு வருடம் வலிப்பு வராமல் இருந்தால் பைக் ஓட்டலாம், மாத்திரையையும் குறைக்கலாம் என்று டாக்டர் சொல்லியிருந்தாராம். அதற்கு இன்னும் இரண்டு மாதம்தான் பாக்கி இருந்தது. மனைவியை பஸ்ஸுக்கு நிற்க வைக்காமல் தானே மீமிசலில் கொண்டுபோய் விட வேண்டும் என்று ஆசை. இன்று கை இழுத்ததைச் சொல்லாமல் விட்டால் டாக்டருக்குத் தெரியாதுதான், ஆனால் சொல்லத்தான் போகிறேன் என்றார். சொன்னார். டாக்டர் அந்த இரண்டு வருடத்தை மறுபடி முதலிலிருந்து எண்ணச் சொல்லிவிட்டார்.

கிளம்பும்போது அவர் மனைவி வாசல் வரை வந்தார். திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். திட்டினால் நல்லது என்றுகூட நினைத்தேன். அவர் குரலை உயர்த்தவே இல்லை. “அவுக, டாக்டர் சொன்னாக்கூட என்கிட்ட வந்து ரெண்டு தடவை கேட்டுட்டுத்தாங்க செய்வாக. நீங்க சொன்னதுக்கு ஒரு தடவைகூடக் கேக்கல” என்றார். சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டார்.

பிறகு அந்த விளக்கைப் படக் கணக்கிலிருந்து பிரித்து, எந்தத் திரையிலும் ஒரே நிதானத்தில் எரியும்படி மாற்றினேன். மினுக்கலே வேண்டாம் என்பவர்கள் அதை அடியோடு நிறுத்திக்கொள்ளவும் வழி வைத்தேன். விளையாட்டைத் திறந்ததும் முதலில் வருவது இப்போது எச்சரிக்கைதான். குழுவில் சிலர் முன்பு இருந்த பயம் குறைந்துவிட்டது என்று சலித்துக்கொண்டார்கள். குறைந்தால் குறையட்டும் என்று சண்டை போட்டேன். புது வடிவம் தயார் என்று மணமேல்குடிக்குச் சொன்னபோது, விளையாட மாட்டேன், நீங்கள் விளையாடுங்கள், நான் போனில் சத்தத்தை மட்டும் கேட்கிறேன் என்று பதில் வந்தது. இப்போதும் சார் என்றுதான் கூப்பிடுகிறார்.

யாராவது ஏதாவது கேட்டால் ‘ஒண்ணும் ஆகாது, தைரியமா செய்ங்க’ என்று சட்டென்று வாயில் வரும் அந்த வார்த்தையை இப்போது என்னால் அவ்வளவு சுலபமாகச் சொல்ல முடிவதில்லை. வருடக்கணக்காகப் பேய்களோடு குடித்தனம் நடத்துகிறேன், ஆனாலும் முகம் தெரியாத ஒருவர் என் பேச்சை அப்படியே நம்பி ஜன்னலைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தார் என்பதை நினைக்கும்போது வரும் பயம், அந்தப் பேய்கள் எதனிடமும் எனக்கு வந்ததில்லை.